கொயர் முடிந்து வருகிற நேரம்

எங்கள் வீட்டு விசேஷ அல்பங்களில் அக்கா முன்பாதியில் மட்டும்தான் இருப்பார். என் மகளின் முதலாவது பிறந்தநாளில் பலூன் ஊதுகிற படத்தில் இருக்கிறார், கேக் வெட்டுகிற படத்தில் இல்லை. வீடு குடிபுகுந்த அன்று அடுப்பைத் துடைத்துக்கொண்டு நிற்கிறார். பால் பொங்குகிற படத்தில் அவர் துடைத்த துணி மட்டும் கிடக்கிறது. என் தம்பியின் கல்யாண அல்பத்தில், தாலி கட்டுவதற்குச் சற்று முன் எடுத்த படமொன்றின் ஓரத்தில், வாசலை நோக்கிப் போகிற பச்சைச் சேலை கட்டிய ஒரு முதுகு விழுந்திருக்கிறது. படம் எடுத்தவர் அதை அழித்துத் தருவதாகச் சொன்னார். நான் விடவில்லை. அந்த முதுகும் இல்லாவிட்டால் அக்கா வந்ததற்கு அத்தாட்சியே இருக்காது.

மெல்பேர்ணில், ஸ்பிரிங்வேலில், அக்கா எங்களுக்குப் பக்கத்து வீடு. மன்னார்ப் பக்கத்துக் கத்தோலிக்கக் குடும்பம். சின்ன வயதில் தாய் தகப்பனோடு லண்டனுக்குப் போய், அங்கே படித்து வளர்ந்து, கல்யாணம் கட்டி மெல்பேர்ணுக்கு வந்தவர். நான் அங்கே குடிவருவதற்கு முன்பே கணவர் மாரடைப்பில் போய்விட்டார். பிள்ளைகள் இல்லை. லண்டனில் தாய் இறந்த பிறகு தகப்பனைக் கூப்பிட்டுத் தன்னோடு வைத்திருந்தார். நான் இப்போது சிட்னிக்கு வந்துவிட்டேன். ஸ்ட்ராத்ஃபீல்டில் எங்கள் மாடிக்குடியிருப்பில் பக்கத்து வீட்டுக்காரர் யாரென்று எனக்குத் தெரியாது. அதனால் பழைய பக்கத்து வீட்டைப் பற்றி எழுதுகிறேன். பெயரைப் போட்டால் கோவிப்பார் என்பதால் அக்கா என்றே இருக்கட்டும். அங்கே எல்லோரும் அப்படித்தான் கூப்பிட்டோம்.

அக்காவுக்கு எதையும் முடியும்வரை இருந்து பார்க்கிற பழக்கம் இல்லை. பூசையில் நன்மை அப்பம் வாங்கிய கையோடு பக்கவாசலால் போய்விடுவார். கடைசி ஆசீர்வாதம் மற்றவர்களுக்கு. கல்யாணவீட்டில் சாப்பாடு திறக்குமுன் சமையல் நடக்கிற குசினிப் பக்கம் போய், ஒரு பெட்டியில் இரண்டு பேருக்குக் கட்டிக்கொண்டு வெளிக்கிடுவார். நானும் அவரும் தமிழ்ப் படம் பார்க்கப் போவதுண்டு. இடைவேளைக்குப் பிறகு வருகிற முதல் பாட்டோடு கைப்பையைத் தூக்குவார். வில்லன் யாரென்று தெரிய வருகிற நேரத்தில் அவர் தரிப்பிடத்தில் கார்த் திறப்பைத் தேடிக்கொண்டிருப்பார்.

அடுத்த நாள் வேலிக்கு மேலால் தலை தெரியும்.

"முடிவு என்ன?"

சொல்லுவேன். கவனமாகக் கேட்பார்.

"அவ்வளவு திறமில்லை. நான் எழும்பி வந்ததில ஒரு நட்டமும் இல்லை."

எத்தனையோ படங்களின் முடிவை நான் அவருக்குச் சொல்லியிருக்கிறேன். ஒன்றையாவது நல்ல முடிவு என்று அவர் ஒப்புக்கொண்டதில்லை. ஒரு தடவை முடிவை நானே மாற்றி, செத்துப்போன கதாநாயகியை உயிரோடு விட்டுப் பார்த்தேன். அதுவும் திறமில்லை.

அவர் இப்படி நடுவில் ஓடுவதற்குக் காரணம் அவருடைய அப்பா. நான் அவரை அங்கிள் என்று கூப்பிட்டேன். எண்பது தாண்டியவர், ஞாபகம் மங்கிக்கொண்டு வந்தது. மன்னாரில் எந்தத் தெருவில் யார் வீடு என்று சொல்லுவார். மத்தியானம் சாப்பிட்டாரா என்று கேட்டால் யோசிப்பார். மகள் இப்போதும் லண்டனில் படிக்கிற பிள்ளை என்பது அவருடைய எண்ணம். முன்கதவுக்குப் பக்கத்தில் ஒரு கதிரை போட்டு, எதிர்ப்பக்கத்துத் தெருவிளக்கைப் பார்த்துக்கொண்டு இருப்பார். விளக்கு எரிகிறபோது மகள் வீட்டுக்குள் இருக்க வேண்டும். இருந்தால், "வந்திட்டியே? கதவைப் பூட்டு" என்று சொல்லிவிட்டுச் சாப்பிட வருவார். இல்லாவிட்டால் சாப்பிட மாட்டார், படுக்க மாட்டார். எழும்பி நிற்பார். சில நேரம் தேடப் புறப்பட்டுவிடுவார்.

மெல்பேர்ணில் இருட்டு ஒரு நேரத்தில் வருவதில்லை. கோடையில் ஒன்பது மணிக்கும் வெளிச்சம் இருக்கும். மாரியில் ஐந்து மணிக்கே விளக்கு எரிந்துவிடும். ஆகையால் அக்காவின் விசுவாசமும் காலத்துக்குக் காலம் மாறும். அங்கே கோடையான மார்கழியில் கல்யாணம் வைத்தவர்கள், "அக்கா எங்கட வீட்டில ஐஸ்கிறீம் வரைக்கும் நிண்டவ" என்று பெருமையாகச் சொல்லுவார்கள். மாரிகால ஆடியில் வைத்தவர்களுக்கு அவர் வந்ததே தெரியாது. காலைப் பூசைக்கும் இருட்டுக்கும் என்ன சம்பந்தம், அதிலிருந்தும் ஏன் ஓடுகிறீர்கள் என்று ஒருமுறை கேட்டேன்.

"பழகிப்போச்சு" என்றார்.

வேலையும் அதற்கேற்றதுதான். பள்ளிக்கூடத்துக்கு முன்னால் தெருக் கடவையில், மஞ்சள் மேலங்கி போட்டு, நிறுத்தல் பலகையைத் தூக்கிப் பிடித்துப் பிள்ளைகளைக் கடத்திவிடுவார். காலையில் கொஞ்ச நேரம், பின்னேரம் கொஞ்ச நேரம். மற்றக் கடவைகளில் பிள்ளைகள் கதை பேசிக்கொண்டு நடப்பார்கள். அக்காவின் கடவையில் ஓடுவார்கள். ஊதுகுழலை அவர் ஊதுகிற விதம் அப்படி. முதல் ஊதல் சாதாரணமாக இருக்கும். இரண்டாவது சற்று விரைவாக. மூன்றாவதில் பிள்ளைகள் மட்டுமல்ல, பக்கத்தில் நாயைக் கூட்டிக்கொண்டு போகிறவர்களும் ஓடுவார்கள்.

அவர் ட்ரம்ஸ் அடிப்பார் என்பது ஒரு நத்தார்க் கரோல் நாளில்தான் எனக்குத் தெரிய வந்தது. கோவில் பாடகர் குழுவான கொயருக்கு ட்ரம்ஸ் அடிக்கிற இளைஞன் வரவில்லை. எல்லோரும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டிருக்க, அக்கா கைப்பையைத் தோளில் இருந்து கழற்றாமலே போய் ட்ரம் செற்றுக்குப் பின்னால் இருந்தார். முதல் பாட்டு நன்றாகப் போனது. இரண்டாவது பாட்டில் பாலன் பிறந்த செய்தி சற்று அவசரமாகச் சொல்லப்பட்டது. மூன்றாவதில் இடையர்கள் ஓடிவந்தார்கள். கடைசிப் பாட்டில் உச்சக்குரல்காரப் பெண்கள் மூச்சு வாங்க, ஆர்மோனியம் வாசித்த அன்ரி கண்ணை மூடிக்கொண்டு கையை மட்டும் ஓட்டினார். கடைசி வரிக்குக் கொஞ்சம் முன்னால் ட்ரம்ஸ் நின்றது. திரும்பிப் பார்த்தால் அக்கா இல்லை. ஆனால் அந்த வருடத்துக் கரோல் போல ஒரு நாளும் இருந்ததில்லை என்று சனம் சொன்னது. சும்மா வாயசைக்கிறவர்களும் அன்றைக்குப் பாடினார்களாம்.

அடுத்த நாள் விடாமல் பிடித்துக்கொண்டேன். எங்கே பழகினீர்கள்? அக்கா உடுப்புக் காயப்போட்டுக்கொண்டே, நேற்றுப் பருப்பு வேக வைத்த கதையைச் சொல்வதுபோல எந்த உணர்ச்சியும் இல்லாமல் சொன்னார்.

"லண்டனில ஒரு பாண்டில அடிச்சனான்."

"என்ன பாண்ட்?"

"வெள்ளைக்காரப் பாண்ட். றொக். பேர் சொன்னால் உமக்குத் தெரியாது. அப்பவே ஒருத்தருக்கும் தெரியாது."

கதை இப்படி. பங்குக் கோவிலின் நிலவறையில் யாரோ விட்டுவிட்டுப் போன ஒரு ட்ரம் செற் இருந்தது. கொயருக்குப் போன அக்கா அதில் தானே பழகினார். கல்லூரியில் ஒரு நெட்டைப் பையன், அவனுடைய தங்கை, இன்னொருவன் என்று மூன்று பேர் சேர்ந்து ட்ரம்ஸுக்கு ஆள் தேடினார்கள். பையன் பாடுவான், தங்கை கிற்றார், மற்றவன் பேஸ். அக்கா நான்காவது ஆள். வீட்டில் கொயர் பயிற்சி என்று சொன்னார். அங்கிள் அப்போது வாகனங்களுக்குப் பெற்றோல் அடிக்கிற செற்றில் பின்னேர வேலை. வேலை முடிந்து அவர் வீட்டுக்கு வரும்போது மகள் வீட்டில் இருக்க வேண்டும். அதற்கு ஒரேயொரு றெயின்தான் சரிவரும். அதை விட்டால் அடுத்தது அங்கிளுக்குப் பிறகுதான் வரும்.

ஆகையால் அந்தப் பாண்டின் எந்தப் பாட்டும் தொடங்கிய வேகத்தில் முடியாது. அக்காவின் கண் கடிகாரத்தில் இருக்கும். பாட்டு நடுவுக்கு வரும்போது கால் தானாக விரையும். மற்ற மூன்று பேரும் பின்னால் ஓடிவருவார்கள். கடைசிப் பாட்டில் அக்கா குச்சிகளை வைத்துவிட்டு, மேலங்கியை எடுத்துக்கொண்டு நிலையத்துக்கு ஓடிவிடுவார். நெட்டைப் பையன் மிச்சத்தை ட்ரம்ஸ் இல்லாமல் தனியாகப் பாடி முடிப்பான். இசைத்தட்டுப் பதிவு செய்த அன்றும் அதுதான் நடந்தது. கடைசிப் பாட்டின் கடைசிப் பகுதியில் ட்ரம்ஸ் இல்லை, ஏனென்றால் ட்ரம்ஸ்காரி நிலையத்தில் நின்றார்.

இசைத்தட்டு வெளிவந்தது. ஒரு பத்திரிகை அதைப் பாராட்டி எழுதியது. இந்த இளைஞர்களின் இசையில் ஒரு தவிப்பு இருக்கிறதாம். நகரத்து வாழ்க்கையின் பதற்றமாம். கடைசிப் பாட்டில் ட்ரம்ஸ் சட்டென்று மறைவது மரணத்தைக் குறிக்கிறதாம். அக்கா அதைத் திருத்தப் போகவில்லை. பாண்டிடம் இரவு வேலைக்குப் போவதாகச் சொல்லி வைத்திருந்தார். வீட்டுக்குக் கொயர், பாண்டுக்கு வேலை. இரண்டு பக்கமும் நம்பியது.

இங்கிலாந்தின் வடக்கே அவர்களைக் கேட்கச் சனம் இருந்ததாம். போகவில்லை. அங்கிருந்து அந்த நேரத்துக்குத் திரும்பி வர முடியாது. ஐரோப்பாவுக்கு வரச் சொல்லிக் கேட்டார்கள். அக்கா முடியாது என்றார், கலைஞர்களுக்கே உரிய பிடிவாதம் என்று மற்றவர்கள் நினைத்தார்கள். பாண்ட் தென் லண்டனில் கொஞ்சம் பேர் எடுத்தது. றெயின் போகிற தூரத்துக்கு அந்தப் பக்கம் ஒருவருக்கும் தெரியாது.

பிறகு அக்காவுக்கு மெல்பேர்ண் மாப்பிள்ளை பேசி முடித்தார்கள். பாண்டிடம் அவுஸ்திரேலியாவுக்குப் போகிறேன் என்றார். ஐரோப்பாவுக்கே வராதவள் பகிடி விடுகிறாள் என்று சிரித்தார்களாம். அவருடைய இடத்துக்கு வந்தவன் தனியாக வாழ்கிறவன், எங்கேயும் போக வேண்டியதில்லை. பாட்டுகள் நீண்டன. அடுத்த இசைத்தட்டில் ஒரு பாட்டைப் போட்டுவிட்டுத் தேத்தண்ணி வைத்துக் குடித்துவிட்டு வந்தாலும் அது போய்க்கொண்டிருக்குமாம். பத்திரிகைக்குத் தவிப்புத் தென்படவில்லை. பாண்ட் கலைந்தது.

"உங்களுக்குக் கவலையில்லையா, அக்கா?"

அவர் உடுப்புக் கூடையைத் தூக்கி இடுப்பில் வைத்துக்கொண்டு யோசித்தார்.

"ஒண்டுக்குத்தான் கவலை. அந்தக் கடைசிப் பாட்டு எப்பிடி முடியுது எண்டு நான் ஒருநாளும் நிண்டு கேட்டதில்லை. இசைத்தட்டில கேட்டிருக்கிறன். அது வேற. ஒருக்காலெண்டாலும் அங்க இருந்து கேக்க வேணும்."

அவர் ஆசை என்று சொல்லி நான் கேட்டது அது ஒன்றுதான். அவர் உள்ளே போய் அரிசி போட்டார்.

அதற்குப் பிறகு ஒரு வருடமிருக்கும். ஏதோ ஒரு தொலைக்காட்சித் தொடரில் அந்தக் கடைசிப் பாட்டைப் போட்டார்கள். இசைத்தட்டு வந்தபோது பிறந்தே இராத பிள்ளைகள் அதைக் கேட்டுப் பைத்தியமானார்கள். பாண்டின் மற்ற மூன்று பேரும் திரும்பச் சேர்ந்து சின்னச் சின்ன இடங்களில் வாசிக்கத் தொடங்கி, சிட்னிக்கும் மெல்பேர்ணுக்கும் வந்தார்கள். ஒரு பின்னேரம் மகளைக் கூட்டிவரப் போன நான், கடவையின் அந்தப் பக்கத்தில் நரைத்த தலையோடு ஒரு நெட்டை வெள்ளைக்காரர் நிற்பதைக் கண்டேன். அக்கா ஊதினார். வாகனங்கள் நின்றன, பிள்ளைகள் ஓடினார்கள். அந்த மனிதர் அசையவில்லை.

"கடக்கிறீரா இல்லையா?" என்று அக்கா ஆங்கிலத்தில் கேட்டார்.

"உன்னைப் பார்க்கத்தான் வந்தேன்" என்றார் அவர்.

"அப்ப அங்காலே நில்லும். மூண்டேமுக்காலுக்கு முடியும்."

அவர் நின்றார். பாண்டில் பாடிய அந்த நெட்டைப் பையன்தான். பாட்டுக்காரர் இப்போது ஒரு பள்ளிக்கூடத்தில் புவியியல் ஆசிரியராம். காத்து நிற்கப் பழகிய ஆளாகத் தெரிந்தார். அக்காவின் வேலை முடிந்ததும் நாங்கள் மூன்று பேரும் வேலியோரம் நின்று கதைத்தோம். சிட்னியில் கூலிக்கு ஒரு ட்ரம்ஸ்காரனை வைத்து வாசித்தார்களாம். மிகத் திறமான ஆள். கடிகாரம் போல அடித்தான். பாட்டு உயிரில்லாமல் கிடந்ததாம்.

"நீ என்ன செய்தாய் என்று அவனுக்குச் சொல்லிக் கொடுக்க எனக்குத் தெரியவில்லை. ட்ரம்ஸை நிறுத்துகிற அந்த யோசனை உனக்கு எப்படி வந்தது? என் மாணவர்களுக்குக்கூட அதைச் சொல்லியிருக்கிறேன்" என்றார்.

அக்கா நிறுத்தல் பலகையைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். றெயின் என்று சொல்லுவார் என்று நான் காத்திருந்தேன்.

"ஏதோ வந்தது" என்றார்.

ஞாயிற்றுக்கிழமை பின்னேரம் நகரத்தின் வடக்குப் பக்கத்தில் ஒரு மதுச்சாலையில் நிகழ்ச்சி. கடைசி நாலு பாட்டுக்கு மட்டும் நீ வா என்று கேட்டார். அக்கா பார்க்கிறேன் என்றார். அவர் போன பிறகு அக்கா என்னைப் பார்த்தார். அந்த முகத்தில் அவ்வளவு ஆசையை நான் அதற்கு முன் கண்டதில்லை.

அங்கிளோடு நான் இருக்கிறேன் என்று சொன்னேன். அதற்கு ஒரு ஒத்திகை பார்த்தோம். அந்த வெள்ளிக்கிழமை அக்கா சாமான் வாங்கப் போய், வேண்டுமென்றே பிந்தி வந்தார். தெருவிளக்கு எரிந்தது. அங்கிள் எழும்பினார், கோட்டைப் போட்டார். பிள்ளை இப்ப வந்திடுவா, இருங்கோ என்றேன். "நீர் ஆர்?" என்று கேட்டார். நான் தந்த பால் கோப்பையை வாங்கிய கையாலேயே என்னை ஒதுக்கிவிட்டு வெளியே போனார். பிடித்தால் உதறினார். பஸ் நிறுத்தம் வரைக்கும் பின்னால் ஓடினேன். அங்கே நின்று வருகிற ஒவ்வொரு பஸ்ஸுக்குள்ளும் எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தார். அக்கா வந்து கையைப் பிடித்த பிறகுதான் வீட்டுப் பக்கம் திரும்பினார்.

அடுத்த நாள் அக்கா உண்மையையே சொல்லிப் பார்த்தார். கதிரைக்குப் பக்கத்தில் முழங்காலில் இருந்து, "அப்பா, நான் ஞாயிற்றுக்கிழமை ஒரு பாண்டில ட்ரம்ஸ் அடிக்கப் போறன்" என்றார். முப்பது வருடமாக உள்ளே வைத்திருந்த வசனம்.

"ஓம் பிள்ளை" என்றார் அங்கிள். "கொயர் எத்தினை மணிக்கு முடியும்?"

கடைசியில் அவரையும் கூட்டிக்கொண்டு போவதென்று முடிவு செய்தோம். மகள் கண்ணுக்கு முன்னால் இருந்தால் இருட்டினால் என்ன, விடிந்தால் என்ன? ஆனாலும் அக்கா கணக்குப் பார்த்தார். ஏழு மணிக்குத்தான் இருட்டுகிறது. நிகழ்ச்சி ஆறரைக்கு முடியும். விளக்கு எரிகிறபோது காரில் இருக்கலாம். எல்லாம் சரி. அந்த ஞாயிற்றுக்கிழமை அதிகாலையில் கோடைகால நேரம் முடிந்து மணிக்கூட்டை ஒரு மணித்தியாலம் பின்னால் தள்ளுகிறார்கள் என்பது மட்டும் எங்கள் இருவருக்கும் ஞாபகம் வரவில்லை. கைபேசி தானாக மாற்றிக்கொண்டது. எங்களுக்கு அது தெரியவும் இல்லை, இருட்டும் ஒரு மணித்தியாலம் முந்தி வரும் என்று யோசிக்கவும் இல்லை.

கொயர் என்பதால் அங்கிள் கோட்டும் கழுத்துப்பட்டியும் போட்டு வந்தார். மதுச்சாலை வாசலில் தீர்த்தத் தொட்டியைத் தேடினார். கிடைக்காததால் வெறும் விரலால் சிலுவை போட்டுக்கொண்டு உள்ளே வந்தார். மேடைக்குப் பக்கத்தில், ஜன்னலோரமாக ஒரு கதிரை கொடுத்தார்கள். எலுமிச்சைத் தண்ணீர் கொடுத்தார்கள். சத்தம் தாங்க மாட்டார் என்று என் மகளின் காது மூடியைக் கொண்டுபோயிருந்தேன். ரோஸ் நிறம், பூனைக் காது வைத்தது. கேள்வி கேட்காமல் போட்டுக்கொண்டார்.

"கொயருக்கு இந்தச் சனம் காணாது" என்றார். பிறகு மேடையில் பாட்டுக்காரரைப் பார்த்து, "இவர் புதுப் பாதரே?" என்று கேட்டார்.

அக்கா தன் மேலங்கியையும் கைப்பையையும் தகப்பனின் மடியில் வைத்துவிட்டு மேடைக்குப் போனார். கூலி ட்ரம்ஸ்காரன் எழும்பி இடம் கொடுத்தான். சனம் கைதட்டியது. முதல் பாட்டைத் தொடங்கினார்கள். எனக்கு றொக் இசை தெரியாது. ஆனால் அந்தப் பாட்டுச் சரியில்லை என்பது எனக்கே விளங்கியது. அக்கா ஒழுங்காக அடித்தார். அடிக்கடி அங்கிளைப் பார்த்தார்; அவர் அங்கேயே இருந்தார். எங்கேயும் ஓட வேண்டியதில்லை. இரண்டாவது பாட்டும் அப்படித்தான். பாட்டுக்காரர் ஒருமுறை திரும்பிப் பார்த்தார். மூன்றாவது பாட்டில் எனக்கு முன்னால் நின்ற ஒரு பிள்ளை கைபேசியை எடுத்து வேறெதையோ பார்க்கத் தொடங்கியது. எனக்கு அந்தப் பிள்ளையின் கைபேசியைப் பறித்து எறியலாம் போலிருந்தது. இவ்வளவு காலம் பொறுத்து வந்து, கடைசியில் இப்படியா?

கடைசிப் பாட்டின் நடுவில் ஜன்னலுக்கு வெளியே தெருவிளக்கு எரிந்தது.

அங்கிள் எழும்பினார். மகளின் மேலங்கியைக் கையில் விரித்துப் பிடித்துக்கொண்டு, கைப்பையைத் தோளில் போட்டுக்கொண்டு, ரோஸ் பூனைக் காதுகளோடு மேடையின் பக்கப் படியருகே போய் நின்றார். ஒரு விரலால் மணிக்கட்டைத் தட்டினார். அங்கே மணிக்கூடு இல்லை. அவர் கட்டுவதை விட்டு வெகுகாலம்.

அக்கா கண்டார்.

அவருடைய கால் தானாக விரைந்தது. நான் நேரிலே பார்த்தேன், அவர் முகம் மாறவே இல்லை, கால் மட்டும் மாறியது. பாட்டு எடுத்தது ஓட்டம். கிற்றார் அடித்த பெண் ஆகா என்று கத்தினார். பாட்டுக்காரர் சொற்களை விழுங்கிக்கொண்டு பின்னால் ஓடினார். சனம் முழுவதும் குதிக்கத் தொடங்கியது. கைபேசிப் பிள்ளை கைபேசியைத் தவறவிட்டது. அங்கிள் விரலால் தட்டிக்கொண்டே இருந்தார். அவர் தட்டத் தட்ட அக்கா இன்னும் விரைந்தார். எனக்கே ஏதோ றெயின் போய்விடும் போலிருந்தது.

அந்த இடம் வந்தது. ட்ரம்ஸ் நின்றது. சனம் ஓவென்று கத்தியது, இசைத்தட்டில் இருக்கிற மாதிரியே இருந்ததால். பாட்டுக்காரர் தனியாகப் பாடிக்கொண்டு, பழைய பழக்கத்தில், வெறும் இருக்கையைப் பார்க்கத் திரும்பினார்.

அக்கா அங்கேயே இருந்தார். குச்சிகளை மடியில் வைத்து, கைகளைக் கட்டிக்கொண்டு, பூசையில் பிரசங்கம் கேட்கிற மாதிரி இருந்தார். பாட்டுக்காரரின் குரல் ஒரு கணம் உடைந்தது. பிறகு பாடி முடித்தார். அங்கிள் மேலங்கியை நீட்டியபடி நின்றார். கை தட்டி ஓய்ந்த பிறகுதான் அக்கா எழும்பி வந்து அதற்குள் கைகளை விட்டார்.

"இருட்டிப்போட்டுது பிள்ளை. வெளிக்கிடுவம்."

"ஓம் அப்பா. முடிஞ்சுது."

நான்தான் கார் ஓட்டினேன். அங்கிள் பின்னால் காது மூடியைக் கழற்றாமல் நித்திரையாகிவிட்டார். அக்கா எனக்குப் பக்கத்தில் இருந்தார். கன்னம் நனைந்திருந்தது, துடைக்கவில்லை. வெகுதூரம் வந்த பிறகு கேட்டேன்.

"எப்பிடி அக்கா, முடிவு?"

அவர் நேர்மையாக யோசித்தார்.

"அவ்வளவு திறமில்லை" என்றார். "அந்த நாளில நான் விட்டிட்டு ஓடிப் போனதில ஒரு நட்டமும் இல்லை."

வீட்டு வாசலில் அங்கிளை இறக்கி உள்ளே கூட்டிப் போனேன். அக்கா காரிலிருந்து சாமான்களை எடுத்துக்கொண்டு வரக் கொஞ்சம் பிந்தியது. அதற்குள் அங்கிள் தன் கதிரையில் இருந்து, தெருவிளக்கைப் பார்த்துக் காத்திருக்கத் தொடங்கிவிட்டார். இவ்வளவு நேரமும் மகளோடு இருந்தது அவருக்கு ஞாபகமில்லை. அதைக் கண்ட அக்கா சாமான்களோடு ஓடிப் படியேறி உள்ளே வந்தார்.

"வந்திட்டியே?"

"வந்திட்டன் அப்பா."

"கொயர் எப்பிடி?"

"நல்லாப் போச்சு. இண்டைக்குக் கடைசி வரைக்கும் நிண்டனான்."

அங்கிள் மகளை ஏற இறங்கப் பார்த்தார். மூச்சு வாங்கிக்கொண்டு, முடி கலைந்து, நெற்றியில் வியர்வையோடு நின்ற பிள்ளையைப் பார்த்தார்.

"ஏன் பிள்ளை ஓடி வந்தனீ?" என்றார். "கொஞ்சம் ஆறுதலா வந்திருக்கலாமே. நான் இருப்பன்தானே."

அக்கா கதவுப் பிடியில் வைத்த கையை எடுக்காமல் அப்படியே நின்றார். அழப் போகிறாரா சிரிக்கப் போகிறாரா என்று எனக்குத் தெரியவில்லை. நான் செருப்பைப் போட்டுக்கொண்டு பக்கவாசலால் வெளியே வந்துவிட்டேன். அடுத்த நாள் வேலியில் அவரைக் கண்டபோது, முடிவு என்ன என்று நான் கேட்கவும் இல்லை.